சாரத்திலிருந்து இறங்கிவந்த எழுத்து: ஜிம் ஆலன்

கென் லோச் என்ற பெயர் தமிழில் உலக சினிமா பேசுகிறவர்களுக்குப் புதிதல்ல. அவருடைய ‘லேண்ட் அண்ட் ஃப்ரீடம்’ படத்தை ஒருமுறை பார்த்தவர்கள் ஒரு காட்சியை மறக்கமாட்டார்கள். ஸ்பானிய உள்நாட்டுப் போர்க்காலம். பிராங்கோவின் ஆட்களிடமிருந்து மீட்கப்பட்ட அரகோன் கிராமம் ஒன்றில் ஊர்மக்கள் கூடி உட்கார்ந்திருக்கிறார்கள். நிலத்தை முழுக்கப் பொதுவில் வைத்து உழுவதா, அவரவர் காணியை அவரவரிடமே விடுவதா என்று பத்து நிமிடத்துக்கும் மேலாக வாதாடுகிறார்கள். சண்டை இல்லை, பாட்டு இல்லை, பின்னணி இசை இல்லை. வெறும் பேச்சு. ஆனாலும் இருக்கையின் நுனிக்கு வந்து பார்க்கிறோம். லோச்சின் மேதைமை என்று சொல்லிவிட்டு எழுந்து போகிறோம். நானும் நெடுங்காலம் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தேன். அந்தப் படத்தை எழுதியவர் யார் என்று தேடிப்போனபோதுதான், அதற்கு முன் முப்பது ஆண்டுகளாக அதே விவாதத்தைத் துறைமுகத்திலும் கண்ணாடித் தொழிற்சாலையிலும் சுரங்க வாசலிலும் வைத்து எழுதிவந்த ஒருவரின் பெயர் கிடைத்தது. ஜிம் ஆலன்.

அவர் சினிமாக்காரர் அல்லர். தம் வாழ்வின் முக்கியமான எழுத்தையெல்லாம் பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்காகவே எழுதியவர். உலகம் அறிந்த மூன்று திரைப்படங்கள் அவருடைய கடைசிப் பத்தாண்டில் வந்தவை. அதற்குள் அவருக்கு அறுபது வயது கடந்துவிட்டது.

1926 அக்டோபர் 7 அன்று மான்செஸ்டர் நகரின் மைல்ஸ் பிளாட்டிங் பகுதியில், அயர்லாந்து வழிவந்த கத்தோலிக்கத் தொழிலாளர் குடும்பத்தில் பிறந்தார். பொது வேலைநிறுத்தம் நடந்து தோற்ற ஆண்டு அது. அந்தத் தோல்வி பின்னாளில் அவருடைய எழுத்தின் மையமாக வந்து அமர்ந்தது. பதின்மூன்று வயதில் பள்ளிக்கூடம் முடிந்தது. தொழிற்சாலை வேலை. போரின் கடைசிக் கட்டத்தில் ராணுவம். போர் முடிந்த ஜெர்மனியில் படையில் இருந்தபோது அடிதடி வழக்கில் சிக்கிச் சிறை போனார். அங்கே உடனிருந்த ஒரு கைதி வழியாகத்தான் சோஷலிசம் அறிமுகமானது. கல்லூரி வாசலை மிதிக்காதவருக்குச் சிறைதான் படிப்பறையாக அமைந்தது.

விடுதலைக்குப் பிறகு கட்டடக் கூலி, கப்பலில் கொதிகலனுக்குக் கரியள்ளும் வேலை, நிலக்கரிச் சுரங்கம் என்று மாறி மாறி உழைத்தார். டிராட்ஸ்கியவாதக் குழு ஒன்றில் சேர்ந்தார். சுரங்கத் தொழிலாளர்களுக்காக ‘த மைனர்’ என்ற சிறு பத்திரிகையை 1950களின் இறுதியில் நடத்தினார். அவருடைய முதல் வாசகர்கள் ஷிஃப்ட் முடிந்து கரிபடிந்த முகத்தோடு வெளியே வந்தவர்கள். நீட்டி எழுதினால் அவர்கள் படிக்கமாட்டார்கள். பொய் எழுதினால் மறுநாள் சுரங்கத்துக்குள்ளேயே வைத்துக் கேட்பார்கள். அவருடைய வசனங்களில் அலங்காரம் ஏன் இல்லை என்று கேட்பவர்களுக்கு என் பதில் இந்தப் பத்திரிகைதான்.

1965இல் கிரனாடா நிறுவனத்தின் ‘கொரோனேஷன் ஸ்ட்ரீட்’ தொடரின் எழுத்தாளர் குழுவில் சேர்ந்தார். 1960 டிசம்பரில் தொடங்கி இன்றும் ஓடிக்கொண்டிருக்கும் தொடர் அது. வடஇங்கிலாந்தின் தொழிலாளர் தெரு ஒன்று, அதன் முனையில் ஒரு மதுக்கடை, அங்கே வந்துபோகும் அண்டை வீட்டார். வாரத்துக்கு இரண்டு பகுதிகள், ஒவ்வொன்றும் அரைமணி நேரம். ஒரு காட்சியை எங்கே வெட்டுவது, ஒரே அறையில் ஐந்து பேரை எப்படிப் பேசவைப்பது என்ற தொழில்நுணுக்கத்தை ஆலன் அங்கே கற்றார். ஆனால் அந்தத் தெருக்காரர்கள் வேலைக்குப் போகும் இடத்தைப் பெரும்பாலும் காட்டமாட்டார்கள். சம்பளம், மேஸ்திரி, சங்கம் எல்லாம் கதவுக்கு வெளியே. ஆலனுக்கோ கதவுக்கு வெளியே நடப்பதுதான் கதை.

அந்தக் காலத்துப் பிரிட்டிஷ் தொலைக்காட்சியைப் பற்றி இங்கே கொஞ்சம் சொல்லியாகவேண்டும். கனடாவிலிருந்து வந்த சிட்னி நியூமன் பிபிசியின் நாடகப் பிரிவுக்குத் தலைமையேற்ற பிறகு, 1964இல் ‘த வெனஸ்டே பிளே’ என்ற வாராந்தர வரிசை தொடங்கியது. வாரம் ஒரு தனி நாடகம்; தொடர்ச்சி கிடையாது; பெரும்பாலும் புத்தம்புதிய எழுத்து. 1970இல் அது ‘பிளே ஃபார் டுடே’ என்று பெயர் மாறி 1984 வரை நீடித்தது. அதில் பெரும்பகுதி, பிபிசியின் இரண்டு அலைவரிசைகளும் ஐடிவியும் தவிர நாட்டில் வேறு எதுவும் இல்லாத காலம். இரவு உணவு முடித்து உட்கார்ந்தவர்களில் பல லட்சம் பேர் ஒரே நாடகத்தைப் பார்த்தார்கள். மறுநாள் காலை பேருந்திலும் பட்டறையிலும் அதைப் பற்றிப் பேசினார்கள்.

அந்த வரிசையில் எழுத்தாளர்தான் நாடகத்துக்கு உரிமையாளராக மதிக்கப்பட்டார். நாடகத்தின் பெயரை அடுத்து அவர் பெயர் வரும். மேடை நாடக மரபிலிருந்து வந்த மரியாதை அது. தயாரிப்பாளர் டோனி கார்னெட் போன்றவர்கள் புது எழுத்தாளர்களைத் தேடிப்போனார்கள். அரங்கத்துக்குள் மின்னணுக் கேமராவில் எடுப்பதை விட்டுவிட்டு, 16 மில்லிமீட்டர் பிலிம் கேமராவைத் தோளில் தூக்கிக்கொண்டு தெருவுக்கு இறங்கினார்கள். இதில் எழுத்தாளருக்கு ஓர் இழப்பும் ஒளிந்திருந்தது. நாடகம் திரைப்படம் போலத் தெரியத் தொடங்கியதும், திரைப்படத்தை அளக்கும் கோலே அதற்கும் வந்தது. படைப்பு இயக்குநருடையது என்றானது. வீடற்றவர்களைப் பற்றிய ‘கேத்தி கம் ஹோம்’ நாடகத்தை 1966இல் எழுதியவர் ஜெரமி சாண்ட்ஃபர்ட். இன்று அதை லோச்சின் படம் என்றுதான் எல்லோரும் சொல்கிறார்கள். ஆலனுக்கும் இதுவே நேர்ந்தது.

1967 பிப்ரவரியில் ஒளிபரப்பான ‘த லம்ப்’ ஆலனின் முதல் பெரிய நாடகம். இயக்கியவர் ஜாக் கோல்ட். கட்டடத் தொழிலில் ‘லம்ப்’ என்றால் ஒட்டுமொத்தக் கூலி. கம்பெனி ஆளை வேலைக்கு எடுப்பதில்லை. அவரைத் தனி ஒப்பந்தக்காரர் என்று கணக்கில் காட்டி, வேலைக்கு இவ்வளவு என்று கையில் பணத்தைக் கொடுத்துவிடும். வரிப் பிடித்தம் இல்லை, காப்பீடு இல்லை, விடுமுறைச் சம்பளம் இல்லை. சாரம் சரிந்து விழுந்தால் பொறுப்பேற்க ஆள் இல்லை. வாரக் கடைசியில் கொஞ்சம் கூடுதலாகக் காசு கிடைப்பதால் இளைஞர்கள் அதையே விரும்பிப் போனார்கள். சங்கம் சேர்ப்பது நடக்காத காரியமாயிற்று. நாடகத்தில் யார்க்கி என்ற மூத்த தொழிலாளி இதற்கு எதிராக ஆள் திரட்டப் பார்க்கிறார். பாதுகாப்பைப் பொருட்படுத்தாத வேலைத்தளம் கடைசியில் அவரையே பலிகொள்கிறது. ஆலன் தாமே உழைத்த இடம் அது. எந்த மேஸ்திரி எந்தச் சொல்லில் அதட்டுவார், தேநீர் இடைவேளையில் யார் யாரை எதற்குச் சீண்டுவார்கள் என்பதெல்லாம் அவருக்குக் கேட்டு எழுதவேண்டிய செய்தியாக இருக்கவில்லை.

இந்த ‘லம்ப்’ முறையை ஒழிக்கவேண்டும் என்பதை முக்கியக் கோரிக்கைகளில் ஒன்றாக வைத்து 1972இல் பிரிட்டனின் கட்டடத் தொழிலாளர்கள் நாடு தழுவிய வேலைநிறுத்தம் செய்தார்கள். அப்போது நடந்த ஒரு மறியலுக்காக ஷ்ரூஸ்பரி நகர நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார்கள். 1973 டிசம்பரில் டெஸ் வாரன் என்பவருக்கு மூன்றாண்டும் ரிக்கி டாம்லின்சன் என்ற இளைஞருக்கு இரண்டாண்டும் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. டாம்லின்சன் இந்தக் கதையில் மீண்டும் வருவார்.

‘த லம்ப்’ முடிந்த கையோடு ஆலன் துறைமுகத்துக்குப் போனார். பிரிட்டனில் துறைமுகத் தொழிலாளி அதுவரை அன்றாடங்காய்ச்சி. காலையில் கூட்டமாகப் போய் நிற்கவேண்டும்; கை நீட்டி அழைத்தவருக்கு அன்று வேலை, மற்றவர்கள் வீடு திரும்பவேண்டும். 1967 செப்டம்பரில் அரசு இதை மாற்றி நிரந்தர வேலைமுறையைக் கொண்டுவந்தது. அதனோடு ஒட்டிவந்த நிபந்தனைகளை எதிர்த்து லிவர்பூலிலும் லண்டனிலும் பெரும் வேலைநிறுத்தங்கள் வெடித்தன. அந்தச் சூட்டில் எழுதியதுதான் ‘த பிக் ஃபிளேம்’. லோச்சும் ஆலனும் முதன்முதலாகச் சேர்ந்த நாடகம். 1968இல் படமாக்கப்பட்டும் ஒளிபரப்பு தள்ளிக்கொண்டே போய், 1969 பிப்ரவரி 19 அன்றுதான் திரைக்கு வந்தது.

கதை இப்படிப் போகிறது. லிவர்பூலில் பத்தாயிரம் துறைமுகத் தொழிலாளர்கள் வாரக்கணக்கில் வேலைநிறுத்தத்தில் இருக்கிறார்கள். சங்கத் தலைமை கைவிட்டுவிட்டது. பசியோடு திரும்பிப் போவதா, இன்னும் தாங்குவதா என்று தவிக்கும் நேரத்தில் ஜாக் ரீகன் என்ற பழைய போராளியைத் தேடிப் போகிறார்கள். அவர் அவர்கள் எதிர்பாராத ஒன்றைச் சொல்கிறார். வேலைநிறுத்தத்தைக் கைவிடுங்கள், துறைமுகத்துக்குள் போங்கள், ஆனால் முதலாளிக்காகப் போகாதீர்கள். துறைமுகத்தை நீங்களே எடுத்து நடத்துங்கள். அவர்கள் நடத்துகிறார்கள். சரக்கு இறங்குகிறது, ஏறுகிறது. சில நாட்கள் அது சாத்தியமாகிறது. பிறகு படை வருகிறது. தலைவர்கள் நீதிமன்றத்தில் நிறுத்தப்படுகிறார்கள்.

நாடகம் சீறலைக் கிளப்பியது. தொலைக்காட்சி ஒழுக்கத்துக்காக இயக்கம் நடத்திவந்த மேரி வைட்ஹவுஸ், பிபிசி பொதுவுடைமைப் பிரச்சாரம் செய்கிறது என்று புகார் எழுப்பினார். ஆனால் நாடகம் சென்று சேர்ந்த இன்னோர் இடமும் உண்டு. லிவர்பூலில் 1970இல் உருவான இடதுசாரிக் குழு ஒன்று ‘பிக் ஃபிளேம்’ என்றே தனக்குப் பெயர் வைத்துக்கொண்டது. 1971இல் கிளைட் நதிக்கரைக் கப்பல் கட்டும் தளங்களை அரசு மூட முனைந்தபோது, அங்கிருந்த தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்யாமல் தளத்தைத் தம் கையில் எடுத்து வேலையைத் தொடர்ந்தார்கள். நாடகத்தைப் பார்த்துத்தான் செய்தார்கள் என்று நான் சொல்லமாட்டேன். ஒரு தொலைக்காட்சி எழுத்தாளர் இரண்டாண்டு முன்பே அந்த வழியை எழுதிவைத்திருந்தார் என்பது மட்டும் நிச்சயம்.

அடுத்த நாடகம் ‘த ரேங்க் அண்ட் ஃபைல்’, 1971 மே மாதம் வந்தது. முந்தைய ஆண்டு செயின்ட் ஹெலன்ஸ் நகரின் பில்கிங்டன் கண்ணாடி ஆலைகளில் நடந்த ஏழுவார வேலைநிறுத்தமே அதன் கரு. சம்பளக் கணக்கில் நேர்ந்த ஒரு சிறு பிழையில் தொடங்கிய சண்டை அது. தங்கள் சங்கமே அங்கீகரிக்காத நிலையிலும் தொழிலாளர்கள் தனிக் குழு அமைத்து நின்றார்கள். முன்னின்றவர்கள் பின்னர் வேலை இழந்தார்கள். ஆலன் பெயர்களை மாற்றினார், ஊரை மாற்றினார், நடந்ததை மாற்றவில்லை.

இந்த மூன்றையும் அடுத்தடுத்துப் பார்த்தால் ஆலனின் ஒரே கேள்வி தெளிவாகத் தெரிகிறது. வேலைக்காரனிடம் துணிச்சல் இருக்கிறது, ஒற்றுமை இருக்கிறது, பசியைத் தாங்கும் பிடிவாதமும் இருக்கிறது. பிறகு ஏன் தோற்கிறான்? ஆலனின் விடை எப்போதும் ஒன்றுதான். கடைசி நேரத்தில் அவன் பெயரால் மேசைக்குப் போய் உட்காருகிற தலைவர் கையெழுத்துப் போட்டுவிடுகிறார். கருங்காலி வெளியிலிருந்து வருவதில்லை. மேடையில், நாம் கைதட்டிய இடத்தில் நிற்கிறார். இந்த விடை அவருக்குப் பெரும் ஆற்றலைத் தந்தது. ஓரிடத்தில் அவரைக் குழியிலும் தள்ளியது.

ஆற்றல் முழுவீச்சில் வெளிப்பட்டது ‘டேஸ் ஆஃப் ஹோப்’ என்ற நான்கு பகுதித் தொடரில். 1975 செப்டம்பரில் தொடங்கி அக்டோபர் தொடக்கத்தில் முடிந்தது. கார்னெட் தயாரிப்பு, லோச் இயக்கம். 1916, 1921, 1924, 1926 என்று நான்கு ஆண்டுகளை எடுத்துக்கொண்டு, சாரா, அவள் தம்பி பென், அவள் கணவர் பிலிப் என்ற மூவரின் வழியே பத்தாண்டு வரலாற்றைச் சொல்கிறது. முதல் பகுதியில் பிலிப் போருக்குப் போக மறுக்கிறார். வலுக்கட்டாயமாகப் பிரான்சுக்குக் கொண்டுபோய்ப் போர்க்களத்தின் விளிம்பில் கம்பத்தில் கட்டிவைக்கிறார்கள். ஆர்வத்தோடு பட்டாளத்தில் சேர்ந்த பென், சுரங்கத் தொழிலாளர்களை அடக்க டர்ஹம் மாவட்டத்துக்கு அனுப்பப்பட்டபோது அங்கிருந்து ஓடிப்போய் அவர்களோடு சேர்ந்துவிடுகிறான். பிலிப் முதல் தொழிற்கட்சி ஆட்சியில் நாடாளுமன்ற உறுப்பினராகிறார். தம் கட்சி அரசே, வேலைநிறுத்தத்தை உடைப்பதற்காக முந்தைய ஆட்சி வகுத்துவைத்த திட்டத்தைத் தூசிதட்டி வைத்திருக்கிறது என்று அவருக்குத் தெரியவருகிறது. கடைசிப் பகுதி 1926 மே 3 தொடங்கி ஒன்பது நாட்களில் தொழிற்சங்கக் கவுன்சில் கைகழுவிய பொது வேலைநிறுத்தம். சுரங்கத் தொழிலாளர்கள் அதன் பிறகும் தனியாக மாதக்கணக்கில் நின்று, பட்டினியில் தோற்றுத் திரும்பினார்கள்.

பத்திரிகைகள் தலையங்கம் எழுதின. முதல் உலகப்போரில் சிப்பாய்கள் நான்கு நான்காக அணிவகுத்தார்கள், படத்தில் மூன்று மூன்றாக நடக்கிறார்கள் என்று ஒரு கடிதப்போர் நடந்தது. அணிவகுப்பில் பிழை பிழைதான். ஆனால் அந்தச் சிப்பாய்கள் எங்கே எதற்கு அனுப்பப்பட்டார்கள் என்ற முக்கியச் செய்தியை மறுக்கமுடியாதபோது, வரிசையை எண்ணுவது வசதியாக இருந்தது என்றே எனக்குப் படுகிறது. அந்தக் கோடையில்தான் ஹெரால்ட் வில்சனின் தொழிற்கட்சி அரசு, சங்கத் தலைவர்களின் ஒப்புதலோடு வாரத்துக்கு ஆறு பவுண்டுக்கு மேல் சம்பள உயர்வு கிடையாது என்று வரம்பு கட்டியிருந்தது. ஐம்பது ஆண்டு பழைய கதை, நிகழ்காலத்தைப் பற்றித்தான் பேசுகிறது என்பது பார்த்தவர்களுக்குப் புரிந்தது.

அறிவுலகத்தில் வேறொரு சண்டை நடந்தது. ‘ஸ்கிரீன்’ என்ற ஆய்விதழைச் சுற்றி நடந்த அந்த விவாதம் இன்றும் ஊடகப் பாடத்திட்டங்களில் இருக்கிறது. யதார்த்த வடிவம் பார்ப்பவருக்கு ஒரே உண்மையை ஊட்டிவிடுகிறது, முரண்பாடுகளை அதனால் காட்டமுடியாது என்பது காலின் மக்கேபின் வாதம். மறுத்து எழுதிய காலின் மக்கார்தர் ‘டேஸ் ஆஃப் ஹோப்’ தொடரிலிருந்தே ஒரு காட்சியை எடுத்துக்காட்டினார். சுரங்க முதலாளி ஒருவர், பிடிபட்ட தொழிலாளர்களிடம் ஆங்கிலேயரின் நிதானத்தையும், ரத்தம் சிந்தாமல் படிப்படியாக மாறும் அரசியல் மரபையும் பற்றிச் சாந்தமாக உபதேசிக்கிறார். அவருக்குப் பின்னால், அதே சட்டகத்தில், அந்தத் தொழிலாளர்களை அடக்க வந்த சிப்பாய்கள் துப்பாக்கிமுனைக் கத்தியால் குத்திப் பழகிக்கொண்டிருக்கிறார்கள். வாதத்தில் யார் வென்றார்கள் என்பதில் எனக்குத் தயக்கமில்லை. இந்த ஒரு காட்சி போதும்.

ஆனாலும் ஆலனின் உச்சம் என்று நான் வைப்பது இந்த வரலாற்றுத் தொடரை அல்ல. ஒரு வேலைநிறுத்தமும் இல்லாத, ஒரு தலைவரும் காட்டிக்கொடுக்காத ஒன்றேமுக்கால் மணிநேர நாடகத்தைத்தான். ‘த ஸ்பாஞ்சர்ஸ்’, 1978 ஜனவரி 24. இயக்கியவர் ரோலண்ட் ஜோஃபே. ‘ஒட்டுண்ணிகள்’ என்பது தலைப்பின் பொருள். அரசு உதவித்தொகையில் வாழும் ஏழைகளை அன்றைய பத்திரிகைகள் வைத வசவு அது.

ஒளிபரப்புக்கு முந்தைய ஆண்டு, 1977, ராணி எலிசபெத் அரியணை ஏறியதன் வெள்ளிவிழா. நாடகம் அந்தக் கொண்டாட்டத்துக்குள் நடக்கிறது. தெருவில் அலங்காரம் ஏறுகிறது; ராணி, கோமகன் படங்கள் மேலே போகின்றன; நாடகத்தின் தலைப்பு அந்தப் படங்களின் மீதே விழுகிறது. எழுத்தாளர் சொல்லவேண்டியதில் பாதியை முதல் நிமிடத்திலேயே சொல்லிவிட்டார். அதே நேரத்தில் வாடகை பாக்கிக்காக பாலின் என்ற தாயின் வீட்டுக்கு அமீனாக்கள் ஜப்திக் கணக்கெடுக்க வருகிறார்கள். நான்கு பிள்ளைகள், கணவன் விட்டுப்போய்விட்டான். மூத்தவள் பாலாவுக்கு டவுன் சிண்ட்ரோம். அவளை நன்றாகப் பார்த்துக்கொண்ட சிறப்பு இல்லத்துக்கு நகரமன்றம் பணம் கட்டிவந்தது. செலவைக் குறைக்கவேண்டும் என்று மேலிடத்து உத்தரவு. கூட்ட நிகழ்ச்சிக்குறிப்பில் அது ஒரு வரி. பாலாவைப் பொருத்தமற்ற வேறோர் இடத்துக்கு மாற்றுகிறார்கள். அவள் வாடிப்போகிறாள்.

இந்த நாடகத்தில் கெட்டவர்கள் என்று யாரையும் சுட்டமுடியாது. மன்ற உறுப்பினர்கள் வருத்தத்தோடுதான் கை தூக்குகிறார்கள். அதிகாரிகள் விதியைத்தான் சொல்கிறார்கள். நலப்பணியாளர் உண்மையாகவே ஓடியாடுகிறார். ஒவ்வோர் அலுவலகத்திலும் பாலினுக்கு இருக்கை கொடுக்கிறார்கள், இன்னோர் அலுவலகத்தின் முகவரியும் கொடுக்கிறார்கள். நாடகம் குரலை உயர்த்துவதே இல்லை. கடைசியில் அவள் பிள்ளைகளையும் தன்னையும் இந்த உலகத்திலிருந்து எடுத்துக்கொண்டு போய்விடுகிறாள். வெளியே வெள்ளிவிழா விருந்து. பாலினாக நடித்தவர் கிறிஸ்டின் ஹார்கிரீவ்ஸ். ‘கொரோனேஷன் ஸ்ட்ரீட்’ தொடரின் தொடக்க ஆண்டுகளில் அந்தத் தெருவில் வாழ்ந்த பாத்திரங்களில் ஒருவராக நடித்தவர். தெருவின் கதவுக்கு வெளியே இருந்ததை ஆலன் கடைசியில் அந்தத் தெருவின் ஒரு முகத்தைக்கொண்டே எழுதிமுடித்தார். நாடகம் அந்த ஆண்டின் இத்தாலியா பரிசைப் பெற்றது.

இந்த நாடகத்துக்குத் திரைக்குப் பின்னாலும் ஒரு கதை உண்டு. பிபிசியில் முக்கியப் பணிகளுக்கு வருகிறவர்களின் பெயர்கள் உள்நாட்டு உளவுத்துறையான எம்ஐ5க்கு ரகசியமாக அனுப்பப்பட்டு, ஒப்புதல் பெறப்பட்டன. பிராட்காஸ்டிங் ஹவுஸ் கட்டடத்தின் 105ஆம் எண் அறையிலிருந்து இது நடந்தது. ஆகாதவர்களின் கோப்பில் கிறிஸ்துமஸ் மரம் போன்ற ஒரு குறி போடப்பட்டது. 1985இல் ‘அப்சர்வர்’ ஞாயிறு இதழ் இதை அம்பலப்படுத்தியபோது, ‘த ஸ்பாஞ்சர்ஸ்’ நாடகத்தை ஜோஃபே இயக்குவதற்கே தடை வந்திருந்ததும், கார்னெட் விடாமல் நின்று அதை உடைத்ததும் வெளியே வந்தன. ஒரு தாயைப் பற்றிய நாடகத்துக்கு உளவுத்துறையின் ஒப்புதல் தேவைப்பட்டது என்பதைப் படித்தபோது எனக்குக் கோபத்தைவிட வியப்பே மிஞ்சியது. அவர்கள் அந்த எழுத்தின் வலிமையைச் சரியாகவே மதிப்பிட்டிருந்தார்கள்.

1981 டிசம்பரில் மீண்டும் ஜோஃபேயுடன் ‘யுனைடெட் கிங்டம்’. தாட்சர் ஆட்சி. செலவைக் குறைக்க மறுக்கும் வடகிழக்கு நகரமன்றம் ஒன்றும், வாடகை கொடுக்கமாட்டோம் என்று நிற்கும் குடியிருப்புவாசிகளும், அவர்களை நோக்கி வரும் காவல்துறையும். இரண்டு மணிநேரத்தையும் தாண்டிய பெரிய நாடகம். அதே ஆண்டின் கோடையில் லிவர்பூலும் மான்செஸ்டரும் எரிந்திருந்தன. இந்த நாடகத்தில்தான் ரிக்கி டாம்லின்சன் நடிகராக முதலில் முகம் காட்டினார். கட்டட மறியலுக்காகச் சிறை சென்று வந்தவர். பிறகு 1983இல் தம் சொந்த வாழ்க்கையை ஒட்டி ‘த கேதரிங் சீட்’ என்ற ஆறு பகுதித் தொடரை ஆலன் எழுதினார். அதற்கடுத்த ஆண்டு ‘பிளே ஃபார் டுடே’ நின்றது. தனி நாடகத்துக்கு இடம் சுருங்கியது. ஆலனைப் போன்றவர்களுக்குத் தொலைக்காட்சியின் கதவு ஏறக்குறைய மூடிக்கொண்டது.

குழி என்று முன்பு சொன்னேன். 1987 ஜனவரியில் லண்டன் ராயல் கோர்ட் அரங்கில் லோச் இயக்கத்தில் மேடையேறவிருந்த அவருடைய ‘பெர்டிஷன்’ நாடகம், திரை விலகுவதற்கு இரண்டு நாள் கூட இல்லாதபோது நிறுத்தப்பட்டது. 1944இல் ஹங்கேரியின் நான்கு லட்சத்துக்கும் மேற்பட்ட யூதர்கள் ஆஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்ட கொடுமைக்கிடையே, ரூடால்ஃப் காஸ்ட்னர் என்ற யூதத் தலைவர் நாஜி அதிகாரி ஐக்மனோடு பேரம் பேசி ஏறத்தாழ 1,680 பேரை ஒரு ரயிலில் காப்பாற்றினார். அவர் தம் மக்களை ஏமாற்றினாரா என்ற கேள்வி 1950களில் இஸ்ரேலிய நீதிமன்றத்துக்கே வந்தது. 1957இல் அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். மறு ஆண்டு உச்ச நீதிமன்றம் முந்தைய கடுமையான தீர்ப்பின் பெரும்பகுதியைத் தள்ளியது. இந்தக் கதையை எடுத்து, சியோனியத் தலைமை தம் மக்களைக் காட்டிக்கொடுத்தது என்று ஆலன் எழுதினார். மார்ட்டின் கில்பர்ட் உள்ளிட்ட வரலாற்றாசிரியர்கள் உண்மைப் பிழைகளைச் சுட்டினார்கள். யூத வெறுப்பு என்ற குற்றச்சாட்டும் எழுந்தது.

என் கருத்தைச் சொல்லிவிடுகிறேன். அச்சேறிய நாடகத்தை வாயிலிலேயே நிறுத்துவதை நான் ஏற்கமாட்டேன். ஆனால் நாடகம் தவறானது. லிவர்பூல் துறைமுகத்தில் சமரசம் செய்துகொண்ட சங்கத் தலைவருக்கு வேறு வழிகள் இருந்தன. அவரைக் கேள்வி கேட்கலாம். கழுத்தில் கத்தி வைக்கப்பட்டவரின் பேச்சுவார்த்தையை அதே தராசில் நிறுக்கமுடியாது. தலைவர் காட்டிக்கொடுத்தார் என்ற தம் ஒற்றைச் சாவியை ஆலன் அந்தப் பூட்டிலும் நுழைத்துப் பார்த்தார். வரலாற்றின் எல்லாப் பூட்டுகளுக்கும் ஒரே சாவி இல்லை என்பதை ‘த ஸ்பாஞ்சர்ஸ்’ எழுதியவருக்கு நினைவூட்டவேண்டி வந்தது துயரம். நாடகத்தைப் பின்னர் திருத்தினார். 1999இல் லண்டனின் கேட் தியேட்டரில் அது அரங்கேறியது.

கடைசிப் பத்தாண்டின் மூன்று படங்களை விரிவாகச் சொல்லத் தேவையில்லை. அவை எளிதில் பார்க்கக் கிடைக்கின்றன. வட அயர்லாந்துக் காவல்துறையின் கொலைகளைப் பற்றிய ‘ஹிடன் அஜெண்டா’ 1990இலும், ‘ரெயினிங் ஸ்டோன்ஸ்’ 1993இலும் கான் திரைவிழாவில் நடுவர் பரிசு பெற்றன. ‘லேண்ட் அண்ட் ஃப்ரீடம்’ 1995இன் சிறந்த ஐரோப்பியப் படமாயிற்று. அதன் கிராமத்து விவாதத்தில் நடிகர்களோடு ஊர்மக்களும் தங்கள் சொந்த வாதங்களைப் பேசினார்கள். முழுத் திரைக்கதையை நடிகர்களிடம் கொடுக்காமல் காட்சி காட்சியாக எடுப்பது லோச்சின் வழக்கம். ஆனால் நிலத்தைப் பற்றிய ஒரு கூட்டத்தைப் படத்தின் நெஞ்சில் வைக்கலாம், பத்து நிமிடம் வாதிடவைக்கலாம், அதுவே போர்க்காட்சியைவிடப் பதற்றம் தரும் என்ற துணிவு ஆலனுடையது. ‘த பிக் ஃபிளேம்’ நாடகத்தில் பசியோடு உட்கார்ந்திருந்தவர்கள் ரீகனைக் கேட்டது இதே கூட்டத்தின் முதல் அமர்வு.

‘ரெயினிங் ஸ்டோன்ஸ்’ பற்றி மட்டும் கொஞ்சம் சொல்லவேண்டும், ஏனென்றால் அது அவர் வாழ்ந்த ஊரின் கதை. மான்செஸ்டருக்கு வடக்கே மிடில்டன் நகரின் லாங்லி குடியிருப்பு. வேலையில்லாத பாபும் நண்பர் டாமியும் மலைமேட்டில் ஓர் ஆட்டைத் திருடப்போய்த் திண்டாடுவதில் தொடங்குகிறது. மகளின் புதுநன்மைக்குப் புதுச்சட்டை வாங்கியே தீருவேன் என்று நிற்கிறார் பாப். பங்குத்தந்தையே இரவல் சட்டை போதும் என்கிறார். கேட்கவில்லை. கடன், கந்துவட்டிக்காரன், மிரட்டல், ஒரு சாவு. பாவசங்கீர்த்தனத்துக்கு ஓடிவரும் பாபிடம் பாதிரியார் சொல்வதுதான் படத்தின் முடிச்சு. கந்துவட்டிக்காரனின் கணக்குப் புத்தகத்தை அவரே எரிக்கிறார்; போலீசுக்குப் போகவேண்டாம் என்கிறார். மதநம்பிக்கையை என்றோ விட்டுவிட்ட ஒரு மார்க்சியர், ஒரு தகப்பன் தன் பிள்ளையின் வெள்ளைச் சட்டைக்காகப் படும் பாட்டை ஏளனத்தின் நிழல்கூட இல்லாமல் எழுதினார். கட்சிக்காரர் என்று மட்டும் அவரை ஒதுக்குகிறவர்கள் இந்தப் படத்துக்குப் பதில் சொல்லவேண்டும். அதில் டாமியாக நடித்தவர் ரிக்கி டாம்லின்சன்.

1999 ஜூன் 24 அன்று, தாம் நெடுநாள் வாழ்ந்த மிடில்டனில் ஜிம் ஆலன் புற்றுநோயால் காலமானார். வயது 72. ‘த லம்ப்’ நாடகம் சுட்டிய கூலிமுறையை எதிர்த்துச் சிறை சென்றவர்களின் வழக்கு அதன் பிறகும் முடியவில்லை. சாட்சிகளின் முதல் கையெழுத்து வாக்குமூலங்களைக் காவல்துறை அழித்துவிட்டதும், அதை எதிர்த்தரப்புக்குச் சொல்லாமல் மறைத்ததும் நிரூபணமாகி, 2021 மார்ச் 23 அன்று லண்டன் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஷ்ரூஸ்பரி தண்டனைகளை ரத்து செய்தது. டெஸ் வாரன் 2004இலேயே இறந்துவிட்டிருந்தார். ரிக்கி டாம்லின்சனுக்கு அப்போது வயது 81.